காமி என்ற பாவையும் ஐந்து வயதுப் பார்வையாளரும்: கடும் நோயைத் தொலைக்காட்சி வழியே குழந்தைகளுக்குச் சொல்வது குறித்து அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

காமி யார்?

தென்னாப்பிரிக்க ஒளிபரப்புக் கழகம் 2000ஆம் ஆண்டு முதல் ஒளிபரப்பிவரும் ‘டகலானி செசமி’ என்ற மழலையர் நிகழ்ச்சியில் வரும் பாவைகளுள் ஒருத்தி. அமெரிக்காவின் ‘செசமி ஸ்ட்ரீட்’ நிகழ்ச்சியின் தென்னாப்பிரிக்க வடிவம் அது. அந்நாட்டின் கல்வித் துறையும் அதில் பங்காளி. காமிக்குக் கடுகு மஞ்சள் நிற ரோமம், ஐந்து வயது, கொஞ்சம் கூச்ச சுபாவம். கண்ணில் பட்டதையெல்லாம் பொறுக்கிச் சேர்ப்பதும் கதை சொல்வதும் அவளுக்குப் பிடித்தவை. அம்மா எய்ட்ஸ் நோயால் இறந்துவிட்டார். காமிக்கும் எச்.ஐ.வி. உண்டு. 2002 ஜூலையில் பார்சிலோனாவில் நடந்த பன்னாட்டு எய்ட்ஸ் மாநாட்டின்போது அவளைப் பற்றிய அறிவிப்பு வெளியானது. செப்டம்பர் இறுதியில் அவள் முதன்முதலாகத் திரையில் தோன்றினாள்.

மழலையர் நிகழ்ச்சிக்குள் எச்.ஐ.வி.யைக் கொண்டுவர வேண்டிய தேவை என்ன?

தேவை ஏற்கெனவே வீட்டுக்குள் வந்து உட்கார்ந்திருந்தது. 2002இல் தென்னாப்பிரிக்க அரசு மகப்பேறு மருத்துவமனைகளில் எடுக்கப்பட்ட கணக்கின்படி, பரிசோதிக்கப்பட்ட கர்ப்பிணிகளில் 26.5 விழுக்காட்டினருக்குத் தொற்று இருந்தது. அதே ஆண்டு வீடுவீடாக நடத்தப்பட்ட ஆய்வு, இரண்டு வயதுக்கு மேற்பட்ட மக்களில் 11.4 விழுக்காட்டினருக்குத் தொற்று இருப்பதாகக் கண்டது. அந்நாட்டில் மழலையர் வகுப்புக்குப் போகும் ஒரு பிள்ளை, தன் வீட்டிலோ அடுத்த வீட்டிலோ யாரோ ஒருவர் மெலிந்து படுத்திருப்பதையும், பெரியவர்கள் அதைப் பற்றித் தாழ்ந்த குரலில் பேசுவதையும், தான் உள்ளே நுழைந்ததும் பேச்சு நின்றுபோவதையும் பார்த்தே வளர்ந்தது. நோய் தெரியும், பெயர் தெரியாது. பயம் தெரியும், காரணம் தெரியாது.

பெரியவர்களின் உலகமும் தெளிவாக இல்லை. எய்ட்ஸுக்கு எச்.ஐ.வி.தான் காரணமா என்று நாட்டின் குடியரசுத் தலைவரான தாபோ உம்பெக்கியே பொதுவெளியில் ஐயம் எழுப்பிய ஆண்டுகள் அவை. தொற்று இருப்பதைக் காரணம் காட்டி 1997இல் ஜொகனஸ்பர்க் பள்ளியொன்றில் சேர்க்கை மறுக்கப்பட்ட என்கோசி ஜான்சன் என்ற சிறுவனின் போராட்டம் நாடறிந்தது. 2000 ஜூலையில் டர்பன் எய்ட்ஸ் மாநாட்டு மேடையில் ஏறி, எங்களைக் கண்டு அஞ்ச வேண்டாம், நாங்களும் மனிதர்கள்தாம் என்ற பொருளில் அவன் பேசினான். மறு ஆண்டு ஜூன் 1ஆம் நாள் தன் பன்னிரண்டாம் வயதில் இறந்தான். சேர்க்கையை எதிர்த்தவர்கள் உடன்படிக்க இருந்த பிள்ளைகளல்லர், பெரியவர்கள். ஆகவே காமியை உருவாக்கியவர்கள் ஐந்து வயதுப் பிள்ளையிடம் பேசியதாகத் தோன்றினாலும், அப்பிள்ளையின் பின்னால் அமர்ந்து பார்த்துக்கொண்டிருந்த அம்மா, பாட்டி, ஆசிரியை ஆகியோரிடமே பாதிப் பேச்சைப் பேசினார்கள் என்பது என் எண்ணம்.

மூன்று, நான்கு வயதுப் பிள்ளைக்கு நோய் என்பது என்னவாகப் புரியும்?

கிருமி, செல், எதிர்ப்பாற்றல் என்ற வரிசையில் அது புரிந்துகொள்வதில்லை. ரோஜர் பிபேஸ், மேரி வால்ஷ் என்ற இரு உளவியலாளர்கள் 1980இல் வெளியிட்ட ஆய்வு இத்துறையில் இன்றும் எடுத்தாளப்படுகிறது. நோய் எப்படி வருகிறது என்று கேட்டால் மிகச் சிறிய பிள்ளைகள் அதற்குத் தொடர்பே இல்லாத ஏதோ ஒன்றைக் காரணமாகக் காட்டுவதையும், சற்று வளர்ந்தவர்கள் ‘பக்கத்தில் போனால் வந்துவிடும்’ என்று அருகாமையையே காரணமாக்குவதையும், உடலுக்குள் நடப்பதைக் கொண்டு விளக்கும் திறன் பல ஆண்டுகள் கழித்தே வருவதையும் அவர்கள் கண்டார்கள். பக்கத்தில் போனால் வரும் என்பதே அந்த வயதின் மருத்துவம் என்றால், எல்லா நோயும் ஒட்டுவாரொட்டிதான். புற்றுநோயும் ஒட்டும், மாரடைப்பும் ஒட்டும்.

இரண்டாவது சிக்கல் இன்னும் ஆழமானது. தீமை செய்தால் தீமை தானே வந்து தாக்கும் என்று சிறு பிள்ளைகள் நம்புவதைக் குழந்தை உளவியல் ஆய்வாளர் ழான் பியாஜே நெடுங்காலம் முன்பே எழுதியிருக்கிறார். நம் வீடுகளில் ‘சொன்ன பேச்சைக் கேட்காவிட்டால் சாமி கண்ணைக் குத்தும்’ என்றும், ‘சாப்பிடாவிட்டால் டாக்டரிடம் சொல்லி ஊசி போடச் சொல்வேன்’ என்றும் சொல்லி அந்த நம்பிக்கைக்கு நாமே உரம் போடுகிறோம். அதனால் தம்பிக்குக் காய்ச்சல் வந்தால், நேற்று அவனை நான் அடித்ததால்தான் வந்தது என்று அக்கா நினைத்துக்கொள்ளக்கூடும். வாய் திறந்து சொல்லவும் மாட்டாள். நோயைப் பற்றிக் குழந்தைகளிடம் பேசும் எந்த நிகழ்ச்சியும், நோய் என்றால் என்ன என்று விளக்குவதற்கு முன்னால், ‘இது உன்னால் வந்ததில்லை’, ‘இது உனக்கு ஒட்டிக்கொள்ளாது’ என்ற இரண்டையும் சொல்லியாக வேண்டும். காமியின் நிகழ்ச்சி இரண்டாவதை மிகத் தெளிவாகச் சொன்னது.

அப்படியானால் அந்நிகழ்ச்சி எதைக் காட்டியது, எதை விட்டது?

காட்டியவற்றுள் முதன்மையானது ஒதுக்கிவைத்தல். தனக்கு எச்.ஐ.வி. இருப்பதால் பிள்ளைகள் தன்னோடு விளையாட வரவில்லை என்று காமி வருந்துகிறாள். மற்றப் பாவைகள் அவளைத் தேற்றுகின்றன. தொடுவதால், கட்டிக்கொள்வதால், சேர்ந்து விளையாடுவதால் இது ஒட்டாது என்பது சொல்லாகவும் செயலாகவும் வருகிறது. சொல்வதைவிடச் செய்து காட்டியதுதான் வலுவானது: மற்றவர்கள் தயக்கமில்லாமல் காமியின் தோளில் கை போடுவதைப் பார்க்கும் பிள்ளைக்கு விளக்கவுரை தேவையில்லை.

இன்னொன்று ஞாபகப் பெட்டி. தாம் நெடுநாள் இருக்கப்போவதில்லை என்று அறிந்த தாய்மார்கள், படம், கடிதம், துணித்துண்டு, குடும்பக் கதை ஆகியவற்றைப் பிள்ளைகளுக்காகப் பெட்டியில் சேர்த்துவைக்கும் வழக்கம் அக்காலத்தில் ஆப்பிரிக்காவின் பல பகுதிகளில் தொண்டு அமைப்புகளின் துணையோடு பரவியிருந்தது. காமியிடமும் அப்படியொரு பெட்டி உண்டு. இறந்துபோன அம்மாவைப் பற்றி ஒரு பிள்ளை அழாமலும் பேசலாம், அழுதுகொண்டும் பேசலாம், பேச்சு முடிந்ததும் விளையாடப் போகலாம் என்பதை அது காட்டியது. துக்கத்திலும் பசிக்கிறது, விளையாடத் தோன்றுகிறது என்பதற்காகக் குற்றவுணர்வு கொள்ளும் பிள்ளைகளுக்கு இது பெரிய ஆறுதல்.

இரத்தத்தைப் பற்றியும் பாடம் உண்டு. யாருக்கு அடிபட்டு இரத்தம் வந்தாலும் தொடாதே, உடனே பெரியவரைக் கூப்பிடு என்பதே அதன் சாரம். ‘யாருக்கு’ என்ற சொல்லைக் கவனிக்க வேண்டும். காமியின் இரத்தத்தைத் தொடாதே என்று சொல்லியிருந்தால், ஒதுக்காதே என்று ஒரு கையால் எழுதியதை மறு கையால் அழித்தது போலாகியிருக்கும்.

விடப்பட்டவை: வைரஸ் உடலில் என்ன செய்கிறது என்பது, பாலுறவு, நோய் முற்றிய நிலையின் உடல் வேதனை. மூன்று முதல் ஏழு வயதுவரையுள்ள பார்வையாளர்களுக்கு இவற்றில் எதுவும் அவசரமில்லை. இவற்றுக்கெல்லாம் மேலாக, காமி வரும் ஒவ்வொரு பகுதியிலும் எச்.ஐ.வி. பேசப்படவில்லை. அவளும் எண்ணினாள், பாடினாள், மற்றவர்களோடு சேர்ந்து கதை கேட்டாள். நோயாளி என்ற ஒரே அடையாளத்தோடு வந்து பாடம் நடத்திவிட்டுப் போகும் பாத்திரத்தைப் பிள்ளைகள் மறந்துவிடுவார்கள். நாள்தோறும் வரும் தோழியை மறக்க மாட்டார்கள்.

காமிக்குத் தொற்று எப்படி வந்ததாகச் சொன்னார்கள்?

கைக்குழந்தையாக இருந்தபோது ஏற்றப்பட்ட இரத்தம் வழியாக. அந்நாட்டுக் குழந்தைகளுக்குத் தொற்று பெரும்பாலும் கர்ப்பத்திலோ பிரசவத்திலோ பாலூட்டும்போதோ தாயிடமிருந்தே வந்தது என்பதால், இதை நழுவல் என்று குறைகூறுவதற்கு இடமுண்டு. ஆனால் மற்ற வழியைத் தேர்ந்திருந்தால், ‘அம்மாதான் கொடுத்தாள்’ என்ற குற்றச்சாட்டு ஐந்து வயதுப் பிள்ளையின் மனத்தில் முளைத்திருக்கும். அடுத்த கேள்வி, ‘அம்மாவுக்கு எப்படி வந்தது?’ என்பதாக இருந்திருக்கும். மருத்துவ உண்மையும் குறுக்கே நிற்கிறது: மருந்தில்லாக் காலத்தில், தாயிடமிருந்து தொற்றுப் பெற்ற குழந்தைகளில் ஏறத்தாழப் பாதிப்பேர் இரண்டு வயதைத் தாண்டவில்லை. நழுவல்தான், ஆனால் வயதறிந்து செய்த நழுவல்.

உண்மையான குழந்தையையே காட்டியிருக்கலாமே, பாவை எதற்கு?

உண்மையான குழந்தைக்கு வீடும் தெருவும் பள்ளியும் உண்டு. தொற்று இருப்பதை வெளியில் சொன்னதற்காகவே அந்நாட்டில் அடித்துக் கொல்லப்பட்டவர்கள் இருக்கிறார்கள். அப்படிப்பட்ட சூழலில் ஒரு பிள்ளையின் முகத்தைத் தேசியத் தொலைக்காட்சியில் காட்டுவது பொறுப்பான செயலாகாது. பாவைக்கு இனமும் இல்லை, வட்டாரமும் இல்லை. நிறவெறி ஆட்சி முடிந்து பத்தாண்டுகூட ஆகாத நாட்டில், ‘இது அவர்களுடைய நோய்’ என்று எவரும் சுட்டிக்காட்ட முடியாதபடி நோயாளிக்கு மஞ்சள் ரோமம் இருந்தது நல்லதாயிற்று. இன்னொரு காரணம் வெகு சாதாரணமானது: பாவைக்கு என்றும் ஐந்து வயதுதான்.

காமி சாகமாட்டாளா? இது பொய்யான நம்பிக்கை தருவதாகாதா?

2002இல் இது நியாயமான கேள்வி. எச்.ஐ.வி.யை அடக்கிவைக்கும் ஏ.ஆர்.டி. கூட்டு மருந்துகள் அப்போது பணம் படைத்தவர்களுக்கே எட்டின. தாயிடமிருந்து குழந்தைக்குத் தொற்று போகாமல் தடுக்கும் நெவிரபின் மருந்தை அரசு மருத்துவமனைகள் கொடுத்தே ஆக வேண்டும் என்று அரசியலமைப்பு நீதிமன்றம் தீர்ப்பளித்ததே 2002 ஜூலையில்தான். கூட்டு மருந்து சிகிச்சையை அரசு வழங்கும் திட்டம் 2003 நவம்பரில் ஏற்கப்பட்டு 2004இல் தொடங்கியது. அந்த இடைவெளியில் காமியைத் துள்ளிக் குதிக்கும் பிள்ளையாகக் காட்டியது நடப்பைவிடச் சற்று ஒளிகூட்டிய சித்திரம்தான்.

ஆனால் மரணத்தை நிகழ்ச்சி மறைக்கவில்லை. அதைக் காமியின் மேல் ஏற்றாமல் அவள் அம்மாவின் மேல் ஏற்றியது. பார்க்கும் பிள்ளை காமியோடு தன்னை இனங்காண்கிறது என்பதை மனத்தில் வைத்துச் செய்த ஏற்பாடு அது. தொற்றுள்ள பிள்ளைகளும் அந்நிகழ்ச்சியைப் பார்த்தார்கள். அவர்களுக்கு, அவர்களைப் போன்ற ஒருத்தி சாவதைக் காட்டுவதால் யாருக்கு என்ன நன்மை?

இறப்பையே நேரடியாகச் சொன்ன மழலையர் நிகழ்ச்சி உண்டா?

உண்டு, காமியின் தாய் நிறுவனம் அந்த வழியை இருபது ஆண்டுகளுக்கு முன்பே நடந்து பார்த்திருந்தது. ‘செசமி ஸ்ட்ரீட்’டில் கடைக்காரர் ஹூப்பராக நடித்த வில் லீ 1982 டிசம்பரில் இறந்தார். வேறு நடிகரைப் போடலாம், ஓய்வு பெற்று ஊருக்குப் போய்விட்டார் என்று சொல்லி முடிக்கலாம் என்ற யோசனைகள் கைவிடப்பட்டு, அவர் இறந்துவிட்டார் என்றே சொல்வதென முடிவாயிற்று. 1983 நவம்பர் 24ஆம் நாள், பெற்றோர் வீட்டில் இருக்கும் நன்றி நவிலல் விடுமுறை நாளாகப் பார்த்து ஒளிபரப்பினார்கள்.

அந்நிகழ்ச்சியின் பாத்திரமான, ஆறு வயதுப் பிள்ளையின் மனம் கொண்ட ‘பிக் பேர்ட்’ என்ற பெரிய மஞ்சள் பறவை, தெருவிலுள்ள பெரியவர்கள் ஒவ்வொருவரையும் படம் வரைந்து கொண்டுவந்து கொடுக்கிறது. கடைசிப் படம் ஹூப்பருடையது. அவர் எங்கே என்று கேட்கிறது. அவர் இறந்துவிட்டார் என்று முன்பே சொன்னோமே என்கிறார்கள். தெரியும், திரும்பி வந்ததும் கொடுத்துவிடுகிறேன் என்கிறது பறவை. இறந்தவர்கள் திரும்பி வருவதில்லை என்று ஒருவர் மெல்லச் சொல்கிறார். அடுத்து அது கேட்பது தத்துவக் கேள்வியல்ல: எனக்கு மில்க் ஷேக் யார் செய்து தருவார்கள்? இறப்பு மீளமுடியாதது என்று புரியாத வயதின் மனத்தை இதைவிடத் துல்லியமாகக் காட்டிய காட்சியை நான் மழலையர் தொலைக்காட்சியில் பார்த்ததில்லை. ஏன் இப்படி ஆக வேண்டும் என்று அது கடைசியில் கேட்டபோது, அப்படித்தான், வேறு காரணமில்லை என்ற விடையே கிடைக்கிறது.

நம் தலைப்புக்கு மிக முக்கியமான செய்தி, அக்காட்சியில் இல்லாத ஒன்று. ஹூப்பர் நோயுற்று மருத்துவமனைக்குப் போய் இறந்தார் என்று சொல்ல வேண்டாம் என முடிவெடுத்தார்கள். சொன்னால், சளி பிடித்தாலும் சாவோம், மருத்துவமனைக்குப் போன அம்மா திரும்பமாட்டார் என்று பிள்ளைகள் முடிவு கட்டிவிடுவார்கள் என்ற அச்சமே காரணம். வயதாகிவிட்டது என்ற காரணத்தையும் தவிர்த்தார்கள். நான்கு வயதுப் பிள்ளைக்குத் தன் பெற்றோரே வயதானவர்கள்தாம். இறப்பைப் பேசும்போது நோயை விடுவதும், நோயைப் பேசும்போது அந்தப் பிள்ளையின் இறப்பை விடுவதும் ஒரே கணக்கின் இரு பக்கங்கள்.

புற்றுநோயைப் பற்றிச் சொன்ன நிகழ்ச்சிகள்?

1990 மார்ச்சில் அமெரிக்காவின் சி.பி.எஸ். தொலைக்காட்சியில் வந்த ‘ஒய், சார்லி பிரவுன், ஒய்?’ என்ற கார்ட்டூன் குறிப்பிடத்தக்கது. ஜானிஸ் என்ற பள்ளிச் சிறுமிக்கு இரத்தப் புற்றுநோய் வருகிறது. இரத்தப் பரிசோதனை, எலும்பு மஜ்ஜைப் பரிசோதனை, நரம்பில் ஏற்றும் மருந்து என்று ஒவ்வொன்றையும் மருத்துவமனைக் கட்டிலில் படுத்தபடி அவளே நண்பன் லைனஸுக்கு விளக்குகிறாள். விளக்கும் உரிமை மருத்துவரிடமிருந்து பிள்ளையின் கைக்கு வந்தது அதன் சிறப்பு. முடி கொட்டிய தலையில் இளஞ்சிவப்புத் தொப்பியோடு பள்ளிக்கு வருபவளை ஒரு பையன் கேலி செய்ய, லைனஸ் அவனைப் பிடித்து உலுக்கும் காட்சியும் உண்டு. நோயாளியின் உடன்பிறந்தவர்கள், எல்லாப் பரிசும் கவனிப்பும் அவளுக்கே போகின்றன என்று மனம் குமைவதையும் அது விடவில்லை. பள்ளி வயதை எட்டிய பிள்ளைகளுக்குக் காமியைவிட இது பொருந்தும். இதில் நோயின் உள்விவரம் இருக்கிறது. அதை ஏந்திக்கொள்ளும் வயதும் வேண்டும்.

அமெரிக்காவில் காமிக்கு எதிர்ப்பு எழுந்ததாமே?

காமி அமெரிக்கத் திரைக்கும் வரக்கூடும் என்ற பேச்சு கிளம்பியதும், குடியரசுக் கட்சியைச் சேர்ந்த நாடாளுமன்ற உறுப்பினர்கள் சிலர் பொது ஒளிபரப்பு நிறுவனமான பி.பி.எஸ்.ஸின் தலைவருக்கு 2002 ஜூலையில் கடிதம் எழுதி விளக்கம் கேட்டார்கள். அப்படியொரு திட்டமே இல்லை என்று பதில் வந்தது. சர்ச்சை தென்னாப்பிரிக்கக் குழந்தைகளைப் பற்றியதன்று. அமெரிக்கப் பெரியவர்களின் சங்கடத்தைப் பற்றியது. மறு ஆண்டே யூனிசெஃப் காமியைக் குழந்தைகளுக்கான தன் தூதர்களுள் ஒருத்தியாக அறிவித்தது. பின்னாளில் நைஜீரியாவின் ‘செசமி ஸ்கொயர்’ நிகழ்ச்சியிலும் அவள் இடம்பெற்றாள்.

பலன் இருந்ததா?

நிகழ்ச்சியைப் பார்த்த பிள்ளைகளிடம் எச்.ஐ.வி. பற்றிய அடிப்படை அறிவும், தொற்றுள்ளவர்களிடம் இணக்கமும் கூடியிருந்ததாக மதிப்பீட்டு ஆய்வுகள் கூறின. தொலைக்காட்சி இல்லாத வீடுகளுக்காக வானொலி வடிவமும் இருந்தது. எனினும் ஒதுக்கல் குறைந்ததற்குக் காமி மட்டுமே காரணம் என்று எவரும் சொல்ல முடியாது. 2004க்குப் பிறகு மருந்து பரவி, படுக்கையில் கிடந்தவர்கள் எழுந்து வேலைக்குப் போகத் தொடங்கியதுதான் பெரிய காரணமாக இருந்திருக்க வேண்டும்.

வீட்டில் ஒருவருக்குக் கடும் நோய் வந்திருக்கும்போது இத்தகைய நிகழ்ச்சியைப் பிள்ளையோடு எப்படிப் பார்ப்பது?

முதலில் பெரியவர் தனியாகப் பார்க்க வேண்டும். உங்களுக்குத் தொண்டை அடைக்கும் இடம் எது என்று தெரிந்துகொண்டு பிள்ளையோடு உட்காருவது நல்லது. அழக்கூடாது என்பதற்காக அல்ல, ஏன் அழுகிறீர்கள் என்று பிள்ளை கேட்டால் சொல்ல ஒரு வாக்கியம் கையில் இருக்க வேண்டும் என்பதற்காக.

பிறகு நோயின் பெயரைச் சொல்லுங்கள். ‘அம்மாவுக்கு உடம்பு சரியில்லை’ என்று மட்டும் சொன்னால், அடுத்த வாரம் தனக்கு வயிற்றுவலி வரும்போது பிள்ளை இரண்டையும் ஒன்றாகவே எண்ணும். இறந்தவரைத் ‘தூங்குகிறார்’, ‘ஊருக்குப் போயிருக்கிறார்’ என்று சொல்வதும் அப்படியே: முன்னது தூக்கத்துக்கு அஞ்ச வைக்கும், பின்னது வாசலைப் பார்த்துக் காத்திருக்க வைக்கும். ‘சாமியிடம் போய்விட்டார்’ என்பது குடும்பத்தின் நம்பிக்கையானால் சொல்லலாம். அதோடு, அவர் உடல் வேலை செய்வது நின்றுவிட்டது, திரும்பி வரமாட்டார் என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும்.

நிகழ்ச்சி முடிந்ததும் ‘என்ன புரிந்தது?’ என்று பரீட்சை வைக்கத் தேவையில்லை. பெரும்பாலும் கேள்வி அப்போது வராது. குளிக்கும்போதோ, பள்ளி வேனுக்குக் காத்திருக்கும்போதோ, சோறு ஊட்டும்போதோ திடுமென வரும். கேள்விகள் எந்த உருவில் வந்தாலும் அடியில் இருப்பவை பெரும்பாலும் மூன்றே: என்னாலா வந்தது, எனக்கும் வருமா, என்னை யார் பார்த்துக்கொள்வார்கள்? கடைசிக் கேள்விக்கு ஆளின் பெயரைச் சொல்லி விடை தர வேண்டும். ‘நாங்கள் எல்லாரும் இருக்கிறோம்’ என்பதைவிட, ‘அம்மா ஆஸ்பத்திரியில் இருக்கும் நாளில் சித்தி வந்து உனக்குத் தலை வாரிவிடுவாள், அப்பா பள்ளியில் விடுவார்’ என்பது பிள்ளைக்குப் பிடிமானம் தரும்.

‘நீயும் செத்துப்போவாயா?’ என்று கேட்டால்?

‘மாட்டேன்’ என்று வாக்குக் கொடுக்க முடியாது. ‘எல்லாரும் ஒருநாள் சாகத்தான் வேண்டும்’ என்பதும் அந்த நேரத்துக்கு உதவாது. நோயில்லாத பெற்றோர், ‘நான் நெடுநாள் இருப்பேன் என்றுதான் நினைக்கிறேன், நீ பெரியவனாகும்வரை உன்னோடு இருக்கப் பார்க்கிறேன்’ என்று சொல்லலாம். நோயுற்றவரே விடை சொல்ல வேண்டியிருந்தால், ‘இது கடுமையான நோய், டாக்டர்கள் மருந்து கொடுக்கிறார்கள், மருந்து கேட்கிறதா என்று பார்க்கிறார்கள், ஏதாவது மாறினால் உன்னிடம் நானே சொல்வேன்’ என்பது உண்மையும் ஆகும், பிள்ளையைத் தனியே விடுவதும் ஆகாது. அப்படிச் சொன்ன பிறகு மாற்றம் வந்தால், அது மற்றவர் வாய்வழியாகப் பிள்ளையின் காதுக்குப் போகும் முன் நீங்களே சொல்லிவிட வேண்டும்.